ஸ்டிரைக் என்றால் எட்டு நாள், சம்பளம் என்றால் மூன்று வருடம்: நீதிமன்ற அவமதிப்பு யார் பக்கம் வேகமாக ஓடுகிறது?

2017-ஆம் ஆண்டு. மூன்று மாத இடைவெளியில், நாட்டின் இரண்டு நீதிமன்றங்களில் இரண்டு அவமதிப்பு வழக்குகள். இரண்டுமே சம்பளமும் வேலையும் சம்பந்தப்பட்டவை. ஒன்றில் கூண்டில் நின்றவர்கள் தொழிலாளர்களின் தலைவர்கள். இன்னொன்றில் நின்றவர்கள் முதலாளிகள்.

முதல் வழக்கு எட்டு நாளில் வேலையை முடித்தது. இரண்டாவது, மூன்று வருடம் இழுத்து, "அவமதிப்பு இல்லை" என்று முடிந்தது.

ஒரே சட்டம்தானே, ஏன் இந்த வித்தியாசம்? நீதிபதிகள் பாரபட்சம் காட்டினார்கள் என்று சொல்லிவிட்டுப் போவது சுலபம். ஆனால் விஷயம் அதைவிடச் சிக்கலானது. சம்பள பாக்கிக்காகக் கோர்ட் படி ஏறும் ஒவ்வொருவரும் தெரிந்துகொள்ள வேண்டியதும்கூட.

மதுரையில் என்ன நடந்தது?

2017 செப்டம்பர் 7. பங்களிப்பு ஓய்வூதியத் திட்டத்தை ரத்து செய்ய வேண்டும், ஊதியக் குழு பரிந்துரைகளை அமல்படுத்த வேண்டும் என்று அரசு ஊழியர், ஆசிரியர் சங்கங்களின் கூட்டமைப்பான ஜாக்டோ-ஜியோ வேலைநிறுத்தம் அறிவித்தது. சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை அன்றே இடைக்காலத் தடை விதித்தது. சங்கங்களில் பெரும் பகுதி போராட்டத்தைத் தொடர்ந்தது.

அடுத்து வந்தது அவமதிப்பு மனு. தலைவர்கள் நேரில் ஆஜராக உத்தரவு. செப்டம்பர் 15 அன்று ஆஜரானார்கள். உடனே வேலைக்குத் திரும்பச் சொன்னது நீதிமன்றம். போராட்டம் அன்றே நிறுத்தப்பட்டது.

நீதிமன்றம் அத்தோடு விட்டுவிடவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். தமிழ்நாடு அரசின் தலைமைச் செயலாளரையும் வரச் சொன்னது. செப்டம்பர் 21 அன்று அவர் ஆஜராகி, கோரிக்கைகள் பற்றி அரசின் நிலையை விளக்கினார். ஆனால் ஓய்வூதியக் கோரிக்கை தீரவில்லை. 2019 ஜனவரி 22-ல் அதே கூட்டமைப்பு மீண்டும் வேலைநிறுத்தத்தில் இறங்கியது.

அதாவது, அவமதிப்பு வழக்கு போராட்டத்தை முடித்தது. பிரச்சினையை முடிக்கவில்லை.

டெல்லியில் என்ன நடந்தது?

இன்னொரு வழக்கு பத்திரிகை ஊழியர்களுடையது. ஊரார் சம்பளப் போராட்டத்தையெல்லாம் எழுதுகிறவர்கள், தங்கள் சொந்தச் சம்பளத்துக்காக உச்ச நீதிமன்றம் போன கதை.

பத்திரிகையாளர்கள், பத்திரிகை ஊழியர்களின் சம்பளத்தை மாற்றியமைக்க நீதிபதி மஜீதியா தலைமையில் ஊதிய வாரியம் அமைக்கப்பட்டது. அதன் பரிந்துரைகளை மத்திய அரசு 2011 நவம்பர் 11-ல் அறிவிக்கையாக வெளியிட்டது. நிர்வாகங்கள் எதிர்த்து வழக்குப் போட்டன. 2014 பிப்ரவரி 7 அன்று, அப்போதைய தலைமை நீதிபதி பி.சதாசிவம் தலைமையிலான அமர்வு அந்த வழக்குகளைத் தள்ளுபடி செய்தது. புதிய சம்பளம் 2011 நவம்பர் 11 முதல் செல்லும். 2014 மார்ச் வரையிலான நிலுவையை ஒரு வருடத்துக்குள் நான்கு சம தவணைகளில் கொடுக்க வேண்டும். ஏப்ரல் முதல் புதிய சம்பளம் தர வேண்டும் என்றது.

இதைவிடத் தெளிவான உத்தரவு வேண்டுமா என்றுதான் யாருக்கும் தோன்றும். ஆனால் பல நிறுவனங்கள் கொடுக்கவில்லை, அல்லது குறைத்துக் கொடுத்தன. ஊழியர்கள் அவமதிப்பு மனுக்கள் போட்டார்கள். நிர்வாகங்கள் சொன்ன பதில்கள் பல ரகம். "ஊழியர்களே பழைய சம்பளம் போதும்னு எழுதிக் கொடுத்திருக்காங்க" என்பது ஒன்று. ஒப்பந்த ஊழியர்களுக்கு இது பொருந்தாது, மாறுபடும் ஊதியம் என்ற பகுதி எங்களுக்குக் கிடையாது, நிறுவனம் கடும் நஷ்டத்தில் இருக்கிறது என்பவை மற்றவை.

2017 ஜூன் 19 அன்று தீர்ப்பு வந்தது. சட்டக் கேள்விகளில் ஊழியர்கள் பக்கமே பெரும்பாலும் நியாயம் இருந்தது. ஒப்பந்த ஊழியர்களுக்கும் வாரியச் சம்பளம் உண்டு. மாறுபடும் ஊதியமும் சேரும். வாரியம் நிர்ணயித்ததைவிடக் குறைவாகப் பெற்றுக்கொள்வதாக எழுதி வாங்கிய கடிதம் செல்லாது. நிதி நெருக்கடி என்று பொதுவாகச் சொன்னால் போதாது. கடும் பண நஷ்டத்தை நிரூபிக்க வேண்டும்.

சரி, அப்படியென்றால் கொடுக்காதவர்களுக்குத் தண்டனை? இல்லை. நிர்வாகங்கள் வாரியப் பரிந்துரையைத் தவறாகப் புரிந்துகொண்டிருக்கலாம், ஆனால் வேண்டுமென்றே மீறினார்கள் என்று சொல்ல முடியாது என்றது நீதிமன்றம். அவமதிப்பு வழக்குகள் முடிக்கப்பட்டன. பாக்கி வேண்டுமென்றால், உழைக்கும் பத்திரிகையாளர் சட்டம் 1955-ன் 17-வது பிரிவின் கீழ் போய் வசூலித்துக்கொள்ளலாம். அதாவது, திரும்பவும் முதலிலிருந்து.

எல்லாக் கேள்விகளிலும் ஜெயித்தார்கள். காசு கைக்கு வரவில்லை.

அவமதிப்பு என்றால் சட்டம் என்ன சொல்கிறது?

நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் 1971 இரண்டு வகைகளைச் சொல்கிறது. நீதிபதியை, நீதித்துறையை இழிவுபடுத்துவது, நீதி நடப்பதைத் தடுப்பது போன்றவை குற்றவியல் அவமதிப்பு. தொழிலாளர் வழக்குகளில் பெரும்பாலும் வருவது இன்னொன்று, உரிமையியல் அவமதிப்பு. அதன் பொருள்: நீதிமன்ற உத்தரவை வேண்டுமென்றே மீறுவது, அல்லது நீதிமன்றத்துக்குக் கொடுத்த உறுதிமொழியை வேண்டுமென்றே மீறுவது.

மொத்தச் சட்டமும் "வேண்டுமென்றே" என்ற அந்த ஒரே வார்த்தையின் மேல்தான் நிற்கிறது. உத்தரவு மீறப்பட்டது என்று காட்டினால் மட்டும் போதாது. தெரிந்தே, வேறு வழி இருந்தும், மீறினார்கள் என்று காட்ட வேண்டும். சிறைத் தண்டனை வரை போகக்கூடிய வழக்கு என்பதால், நிரூபணமும் கிட்டத்தட்ட குற்ற வழக்குக்கு உரிய அளவில் இருக்க வேண்டும்.

அதிகபட்சத் தண்டனை ஆறு மாதச் சிறை, அல்லது 2,000 ரூபாய் அபராதம், அல்லது இரண்டும். உரிமையியல் அவமதிப்பில் முதலில் அபராதம்தான். அது போதாது என்று நீதிமன்றம் கருதினால் மட்டுமே சிறை. மனப்பூர்வமாக மன்னிப்புக் கேட்டால் விடுவிக்கவும் முடியும். இந்த 2,000 ரூபாய் 1971-ல் போட்ட தொகை. அன்று அது ஒரு தொகைதான். இன்று பெரிய கம்பெனி ஒன்றின் ஒரு நாள் டீ செலவுக்குக்கூடக் காணாது.

ஏன் ஒரு பக்கம் மட்டும் வேகம்?

இப்போது இரண்டு வழக்குகளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கலாம்.

"வேலைநிறுத்தம் செய்யாதே" என்பது ஒற்றை வரி உத்தரவு. மீறினார்களா இல்லையா என்று பார்க்க வருகைப் பதிவேடு போதும். பேருந்து ஓடவில்லை, வகுப்பறை பூட்டிக் கிடக்கிறது, ஊருக்கே தெரியும். தலைவர்கள் மேடையிலேயே "தொடர்வோம்" என்று அறிவிப்பார்கள். வேண்டுமென்றே மீறியதற்கு இதைவிட வேறு ஆதாரம் என்ன வேண்டும்?

"சம்பளம் கொடு" என்ற உத்தரவு அப்படியில்லை. யாருக்கு, எவ்வளவு, எந்தத் தேதியிலிருந்து, எந்தப் படி சேரும், எது சேராது... ஒவ்வொரு கேள்வியும் நிர்வாகத்துக்கு ஒரு கதவு. "நாங்க உத்தரவை மீறல, புரிஞ்சுகிட்டது இப்படித்தான்" என்று சொன்னால், அந்த வாதம் தப்பாகவே இருந்தாலும், வேண்டுமென்றே என்ற வார்த்தை அடிபட்டுப் போகிறது.

இன்னொரு காரணமும் உண்டு. இந்திய நீதிமன்றங்கள் வேலைநிறுத்தத்தை அடிப்படை உரிமையாகப் பார்ப்பதில்லை. சங்கம் அமைக்கும் உரிமைக்குள் வேலைநிறுத்த உரிமை அடங்காது என்று 1961-ல் வங்கி ஊழியர் சங்க வழக்கிலேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. 2003-ல் தமிழ்நாட்டில் வேலைநிறுத்தம் செய்த சுமார் 1.7 லட்சம் அரசு ஊழியர்களும் ஆசிரியர்களும் எஸ்மா, டெஸ்மா காலத்தில் ஒரே அடியாக வீட்டுக்கு அனுப்பப்பட்டதைப் பலர் மறந்திருக்க மாட்டார்கள். அந்த வழக்கில், அந்த ஆண்டு ஆகஸ்ட் 6 அன்று, அரசு ஊழியர்களுக்கு வேலைநிறுத்தம் செய்ய அடிப்படை உரிமையோ, சட்ட உரிமையோ, தார்மிக உரிமையோ கிடையாது என்றது உச்ச நீதிமன்றம். நிபந்தனையற்ற மன்னிப்பும், இனி செய்ய மாட்டோம் என்ற உறுதிமொழியும் எழுதிக் கொடுத்த பிறகே பலர் வேலைக்குத் திரும்ப முடிந்தது.

ஆக, போராட்டத்துக்குத் தடை கேட்டு வருகிறவருக்குப் பாதி வேலை ஏற்கெனவே முடிந்திருக்கிறது. சம்பளம் கேட்டு வருகிறவருக்குத் தீர்ப்பு கிடைத்த பிறகுதான் வேலையே ஆரம்பிக்கிறது.

சட்டவிரோத ஸ்டிரைக் என்றாலே அவமதிப்பா?

இல்லை. இங்கேதான் பலரும் குழம்புகிறார்கள். நோட்டீஸ் கொடுக்காமல் வேலைநிறுத்தம் செய்தால் அது தொழிலாளர் சட்டத்தை மீறுவது. அதற்கான தண்டனை அந்தச் சட்டத்திலேயே இருக்கிறது. நீதிமன்றம் குறிப்பாகத் தடை உத்தரவு போட்டு, அது சம்பந்தப்பட்டவர்களுக்குத் தெரிந்த பிறகும் மீறினால்தான் அவமதிப்பு.

2025 நவம்பர் 21 முதல் புதிய தொழிலாளர் சட்டத் தொகுப்புகள் அமலுக்கு வந்திருக்கும் நிலையில் இந்த வேறுபாடு இன்னும் முக்கியம். முன்பு தனியார் தொழிற்சாலைகளில் முன்கூட்டியே நோட்டீஸ் கொடுக்கும் கட்டாயம் பொதுப் பயன்பாட்டுச் சேவைகளுக்கு மட்டுமே இருந்தது. தொழில் உறவுகள் தொகுப்பின்படி எல்லாத் தொழில் நிறுவனங்களிலும் 14 நாள் நோட்டீஸ் தேவை. ஊழியர்களில் பாதி அல்லது அதற்கு மேற்பட்டோர் ஒரே நாளில் தற்செயல் விடுப்பு எடுத்தாலும் அது வேலைநிறுத்தக் கணக்கில் வரும். நோட்டீஸ் காலத்துக்குள் நிர்வாகம் கோர்ட்டுக்குப் போய்த் தடை வாங்க இனி நிறையவே அவகாசம் இருக்கிறது. தடை வந்தால், அடுத்தது அவமதிப்பு.

அப்படியானால் தொழிலாளிக்கு அவமதிப்பு வழக்கே வீணா?

வீண் இல்லை. ஆனால் அது கடன் வசூலிக்கும் கருவி இல்லை என்பதைப் புரிந்துகொண்டு பயன்படுத்த வேண்டும். சில அடிப்படைகள்:

லேபர் கோர்ட் தானாக அவமதிப்புத் தண்டனை தருவதில்லை. அந்த அதிகாரத்தை அரசியல் சட்டம் உச்ச நீதிமன்றத்துக்கு 129-வது பிரிவிலும், உயர் நீதிமன்றங்களுக்கு 215-வது பிரிவிலும் கொடுத்திருக்கிறது. லேபர் கோர்ட் தீர்ப்பின் பணத்தை வசூலிக்கத் தொழில் தகராறு சட்டத்தின் 33சி பிரிவுதான் இத்தனை காலம் வழி: அரசு சான்றிதழ் கொடுத்தால், மாவட்ட ஆட்சியர் நில வரி பாக்கியைப் போல வசூலிக்க வேண்டும். புதிய தொகுப்பிலும் இந்த வழி தொடர்கிறது.

வேலையில் மீண்டும் சேர்க்கச் சொன்ன தீர்ப்பை எதிர்த்து நிர்வாகம் உயர் நீதிமன்றம் போனால், தொழிலாளி வேறு வேலையில் இல்லை என்று பிரமாணப் பத்திரம் தாக்கல் செய்யும் பட்சத்தில், வழக்கு முடியும் வரை கடைசியாக வாங்கிய சம்பளத்தைக் கொடுத்தாக வேண்டும். பழைய சட்டத்தில் இது 17பி பிரிவு. இந்தச் சம்பளத்தைக் கொடுக்க உயர் நீதிமன்றம் உத்தரவிட்ட பிறகும் கொடுக்கவில்லை என்றால், அவமதிப்பு மனுவுக்கு வலு அதிகம். காரணம், தொகையும் தேதியும் தெளிவாக இருக்கும்.

மீறல் நடந்த நாளிலிருந்து ஒரு வருடத்துக்குள் மனுத் தாக்கல் செய்ய வேண்டும். "அதிகாரியைப் பார்த்தோம், ஆகட்டும்னு சொன்னார்" என்று மனு மேல் மனு கொடுத்துக் காத்திருந்தால் அந்தக் கெடு நீளாது. நல்ல தீர்ப்பைக் கையில் வைத்துக்கொண்டு காலக்கெடுவில் கோட்டை விடக் கூடாது.

அவமதிப்பு மனு தள்ளுபடியானால், அந்தச் சட்டத்தின் கீழ் மேல்முறையீடு கிடையாது. தண்டனை பெற்றவருக்கு மட்டுமே அந்த உரிமை. மிச்சமிருப்பது உச்ச நீதிமன்றத்தின் சிறப்பு அனுமதி மனு. டெல்லி போய்வரத் தினக்கூலித் தொழிலாளியிடம் என்ன இருக்கும்?

தினக்கூலி என்றதும் ஜம்மு காஷ்மீர் வழக்கைச் சொல்லாமல் இருக்க முடியாது. பல வருடங்கள் வேலை பார்த்த தினக்கூலி ஊழியர்களின் பணி வரன்முறைக் கோரிக்கையைப் பரிசீலிக்க உயர் நீதிமன்றம் உத்தரவிட்டது 2007-ல். அதிகாரிகள் வருடக்கணக்கில் அதைத் தட்டிக் கழித்தார்கள். 2025 மார்ச்சில் விவகாரம் உச்ச நீதிமன்றம் வந்தபோது, அதிகாரிகளைக் கடுமையாகக் கண்டித்து 25,000 ரூபாய் செலவுத் தொகை விதித்தது. அவமதிப்பு வழக்கை வாரா வாரம் விசாரிக்கச் சொன்னது. வாரா வாரம் என்ற அந்த வேகம் வருவதற்கு ஆனது 18 வருடம்.

வேறு வழி இருந்ததா?

இருந்தது. தமிழ்நாடே பார்த்தது. 2018 ஜனவரி 4-ல் அரசுப் போக்குவரத்துத் தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் தொடங்கினார்கள். அடிப்படைச் சம்பளத்தைப் பெருக்கும் எண் 2.57 வேண்டும் என்றன சங்கங்கள், 2.44 என்றது அரசு. மறுநாளே சென்னை உயர் நீதிமன்றம் தடை விதித்தது. திரும்பாவிட்டால் பணிநீக்கம், அவமதிப்பு நடவடிக்கை என்று எச்சரித்தது. தொழிலாளர்கள் மசியவில்லை. பொங்கல் நெருங்கிக்கொண்டிருந்தது.

கடைசியில் பேருந்தை ஓட வைத்தது எது? ஜனவரி 11 அன்று, ஓய்வுபெற்ற நீதிபதி இ.பத்மநாபனை மத்தியஸ்தராக நீதிமன்றம் நியமித்தது. அன்றே வேலைநிறுத்தம் வாபஸ். அவமதிப்பு என்ற மிரட்டல் ஒரு வாரத்தில் செய்யாததை, ஒரு மத்தியஸ்தர் பெயர் ஒரே நாளில் செய்தது.

பேருந்துக்காகக் கால்கடுக்க நின்ற பயணிகளின் கஷ்டம் நிஜம். பள்ளி பூட்டிக் கிடந்தால் ஏழை வீட்டுப் பிள்ளைக்குத்தான் முதல் நஷ்டம். நீதிமன்றம் தலையிடவே கூடாது என்று யாரும் சொல்ல முடியாது. அதேபோல, சம்பளக் கணக்கில் உண்மையிலேயே தகராறு இருக்கும்போது, முதலாளியை ஜெயிலுக்கு அனுப்பி வசூலிக்க முடியாது என்ற வாதத்திலும் நியாயம் இருக்கிறது. கேள்வி, இரண்டு பக்கத்தையும் ஒரே மாதிரி கட்டிப்போடுகிறதா உத்தரவு என்பதுதான்.

என்ன மாற வேண்டும்?

முதலாவதாக, வேலைநிறுத்தத்துக்குத் தடை போடும் அதே உத்தரவில், கோரிக்கை மீது முடிவெடுக்க அரசுக்கோ நிர்வாகத்துக்கோ தேதி குறிக்க வேண்டும். தொழிலாளிக்கு "இன்று மதியத்துக்குள் திரும்பு" என்று நேரம் சொல்ல முடிகிறபோது, எதிர்த் தரப்புக்கு ஒரு தேதி சொல்ல முடியாதா?

இரண்டாவதாக, நிர்வாகம் பேச்சுவார்த்தைக்கு ஒப்புக்கொண்டால் அதை வெறும் வாய்வார்த்தையாக விடக் கூடாது. நீதிமன்றத்துக்குக் கொடுத்த உறுதிமொழியாகப் பதிவு செய்ய வேண்டும். உறுதிமொழியை மீறுவதும் அவமதிப்புதான் என்று சட்டமே சொல்கிறது. 2003-ல் ஊழியர்களிடம் எழுதி வாங்க முடிந்ததென்றால், நிர்வாகத்திடமும் எழுதி வாங்கலாம். இதை வலியுறுத்திக் கேட்பது சங்கங்களின் வழக்கறிஞர்கள் வேலை.

மூன்றாவதாக, சம்பள உத்தரவுகளில் தொகை, தேதி, பொறுப்பான அதிகாரியின் பதவி, தாமதத்துக்கு வட்டி ஆகிய நான்கும் இருக்க வேண்டும். "விதிப்படி பரிசீலிக்கவும்" என்று எழுதும் ஒவ்வொரு உத்தரவும், "நாங்கள் வேறு மாதிரி புரிந்துகொண்டோம்" என்று பின்னால் சொல்ல வழி விடுகிறது.

நான்காவதாக, வசூல் சான்றிதழ்கள் ஆட்சியர் அலுவலகத்தில் தூங்கக் கூடாது. நில வரி பாக்கி போல வசூலிக்கலாம் என்று சட்டம் சொன்னால் போதாது. இத்தனை நாளுக்குள் என்று கெடு வேண்டும். அது ஒழுங்காக நடந்தாலே பாதி அவமதிப்பு வழக்குகள் தேவைப்படாது.

நீதிமன்ற உத்தரவுக்கு எல்லோரும் கட்டுப்பட வேண்டும். அதில் இரண்டாவது கருத்து இல்லை. ஆனால் அந்த "எல்லோரும்" என்ற சொல்லுக்குள், ஊதியத்தை நிறுத்தி வைத்திருக்கும் நிர்வாகமும், கோப்பை நகர்த்தாத அதிகாரியும் வேலைநிறுத்தம் செய்யும் ஓட்டுநரைப் போலவே உடனடியாக வந்து சேர வேண்டும். தீர்ப்பை ஜெயித்துவிட்டு இன்னும் சம்பளத்துக்குக் காத்திருக்கும் ஒருவரிடம், நீதிமன்றத்தின் மதிப்பைப் பற்றிப் பேச வேறு வழி கிடையாது.